அடைப்புக்குறிக்குள் ஒரு சிரிப்பு

அத்தியாயம் பதினான்கு

பன்னிரண்டு வாரமாக மாட்டேன் என்று நின்ற இராசேஸ்வரி, போன வாரம் ஒருவழியாக இறங்கிவந்து “சரி, செய்து துலையுங்கோ” என்று சொல்லிவிட்டார். அந்த வாய் மறுபடி மாறுவதற்குள் காரியத்தை முடித்துவிட வேண்டும் என்று மூத்த மகள் சிவரஞ்சினி ஓடிய ஓட்டம் கொஞ்சமல்ல. இதோ, ஞாயிற்றுக்கிழமை காலை ஒன்பதரைக்கே பாரிசில், ரூ பெர்தொனே கடைத்தெருவில் தம்பிக்குப் பொன்னுருக்கல்.

முறைப்படி தாலிக்குப் பொன் உருக்குவது மாப்பிள்ளை வீட்டில்தான் நடக்க வேண்டும். லா சப்பல் அடுக்குமாடியில் அதெல்லாம் சரிவருமா? ஒரு சட்டி நெருப்பு மூட்டினால் புகைமணி அடித்து, மேல்மாடிக்காரி போன் போட்டு, தீயணைப்புக்காரன் வாசலில் வந்து நிற்பான். ஆகவே நகைக்கடை மகேந்திரராசாவின் பின்னறையில், முன்கதவை அரைவாசி இறக்கிவிட்டு, ஒரு குத்துவிளக்கு, ஒரு நிறைகுடம், ஒன்பது பேர்.

மாப்பிள்ளை மதுஷன் பிரான்சில் பிறந்தவன். முப்பத்தொரு வயது, நாடக மேடைகளுக்கு விளக்குப் போடுகிற வேலை. பெண் தோர்ஷா, கல்கத்தாக்காரி. கல்கத்தாக்காரி என்பதை இராசேஸ்வரி இரண்டாம் வாரமே விழுங்கிவிட்டார். நடிகை என்பதுதான் தொண்டையில் சிக்கிக்கொண்டது.

“நடிக்கிறவள் எப்ப நடிக்கிறாள், எப்ப நடிக்கேல்லை எண்டு எங்களுக்கு என்னெண்டு தெரியும்?” பன்னிரண்டு வாரமும் இதே கேள்விதான்.

“அம்மா, அவள் கண்ணாடி போட்டுக்கொண்டு மூலையிலை இருந்து புத்தகம் படிக்கிற பிள்ளை. ஒருக்காக் கதைச்சுப் பாருங்கோவன்.” பன்னிரண்டு வாரமும் சிவரஞ்சினியின் பதிலும் இதேதான்.

பொன் உருகியது. சிவரஞ்சினியின் கணவன் கலைமாறன் நெருப்புக்குக் கிட்டப் போனை நீட்டி இரண்டு நிமிடம் படம் பிடித்தான். பிறகு “மேலை ஒரு சின்ன வேலை” என்று கழன்றுவிட்டான். உருகிய பொன்னைத் தட்டில் வைத்து எல்லாரும் தொட்டுப் பார்த்தார்கள். இராசேஸ்வரிகூட ஒற்றை விரலால் தொட்டார்.

மதுஷனுக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. கடைக்காரருக்கும் பெண்ணைக் காட்ட வேண்டும் என்று போனில் ஒரு படத்தை எடுத்து நீட்டினான். தோர்ஷா மேடையில் நிற்கிற படம். தலைமுடி விரிந்து கிடந்தது, கண்ணில் மை.

“நல்ல வடிவு, தம்பி,” என்றார் மகேந்திரராசா. ஆனால் அதற்குப் பிறகு மனிதரின் கை ஓரிடத்தில் நிற்கவில்லை. பூவை இங்கே வைப்பதும் அங்கே வைப்பதுமாக இருந்தார்.

பலகாரத் தட்டைக் கட்டும் சாக்கில் அவர் சிவரஞ்சினியை முன்கடைப் பக்கம் கூப்பிட்டார்.

“பிள்ளை, கோவிக்காதையும். இந்தப் பெட்டை உங்கடை சனலிலை வந்தவள் எல்லோ?”

“எங்கடை சனலிலையோ? இல்லை அண்ணை. இவளை நாங்கள் பேட்டி ஒண்டும் எடுக்கேல்லை.”

“பேட்டியில்லை.” அவர் பின்னறைப் பக்கம் ஒரு தரம் திரும்பிப் பார்த்துக்கொண்டார். “அந்த வங்காளத்துச் சூனியக்காரி. நீர்தானே வாசிச்சனீர். எட்டு மாதம் இருக்கும். இஞ்சை கடைக்கு வாற பொம்பிளையள் எல்லாம் போனிலை போட்டுக் காட்டிச் சிரிச்சவை. உங்கடை அம்மா பாக்கேல்லைப்போலை. அதுமட்டும் புண்ணியம்.”

சிவரஞ்சினிக்கு ஒரு கணம் விளங்கவில்லை. விளங்கியதும் தட்டை எடுத்துக்கொண்டு தெருவில் இறங்கினாள்.

வாசகர்களுக்குக் கலைமாறனின் யூடியூப் சனலைத் தெரியும். தெரியாதவர்களுக்குச் சொல்கிறேன். சினிமாச் செய்தி என்ற பெயரில் அவன் எதையாவது எழுதி வாட்ஸ்அப்பில் மனைவிக்கு அனுப்புவான். சிவரஞ்சினி வார நாட்களில் சென் தெனியில் ஒரு பள்ளிக்கூடச் சாப்பாட்டுக்கூடத்தில் வேலை செய்கிறவள். வீட்டுக்கு வந்து கைகால் கழுவி, படுக்கையறை அலுமாரிக்குள் நுழைந்து, குளிர்க்கோட்டுகளுக்கும் கலியாணச் சேலைகளுக்கும் நடுவே நின்று அதைப் போனில் வாசிப்பாள். துணி எதிரொலியை உறிஞ்சிவிடும், ஸ்டூடியோ தேவையில்லை. கணீரென்ற குரல். கோயில் திருவிழாவிலும் கலியாண மண்டபத்திலும் ஒலிபெருக்கியில் கேட்டு லா சப்பல் முழுக்கப் பழகிய குரல்.

படம் ஒட்டுவது கலைமாறனின் வேலை. வழக்கு வரும் என்று எழுத்தில் நடிகையின் பெயரைப் போடமாட்டான், ‘கொல்கத்தா நடிகை’ என்பதோடு சரி. முடிந்த வீடியோவைச் சிவரஞ்சினி ஒருநாளும் பார்த்ததில்லை. தன் குரலைத் தானே கேட்பது அவளுக்குக் கூச்சம். அந்தக் கூச்சத்தை ஏதோ நல்ல குணம் என்று இத்தனை வருடமும் நினைத்துக்கொண்டிருந்தாள்.

இன்றைக்குப் பார்த்தாள். பக்கத்துக் கட்டிடத்துப் படிக்கட்டில், ஒரு கையில் தட்டோடு நின்று பார்த்தாள்.

நாலு லட்சம் பேர் பார்த்திருந்தார்கள். முகப்பில் தோர்ஷாவின் முகம், பாதிக்குப் பச்சை நிறம் பூசி, நெற்றியில் ஒரு மண்டையோடு ஒட்டி. உள்ளே அவளுடைய நாடகக் காட்சிகள், குளிக்கிற காட்சி ஒன்று, கண்ணாடி போட்டுக்கொண்டு விமான நிலையத்தில் நிற்கிற ஒன்று. இவளுடைய தம்பி கட்டப்போகிற பெண். அவ்வளவுக்கும் மேலே, இவளுடைய குரல். கணவனின் முதல் மனைவிக்குப் பாயசத்தில் விஷம் வைத்தவளாம். பெற்ற தாயைத் தெருவில் விட்டவளாம். அமாவாசைக்கு அமாவாசை சுடுகாட்டில் மீன் சுட்டு மாந்திரீகம் செய்கிறவளாம். ஒவ்வொன்றையும் சிவரஞ்சினி இழுத்து, நிறுத்தி, ருசித்து வாசித்திருந்தாள். நடுவில் ஒரு சிரிப்பு வேறு.

கீழே தொள்ளாயிரம் பேர் எழுதியிருந்தார்கள். அவள் பதினைந்தோடு நிறுத்திக்கொண்டாள். அதற்கு மேல் வாசிக்க ஒரு மனிதப் பிறவியால் முடியாது.

தட்டோடு இறங்கி வந்து, நகைக்கடைக்கு மேலே இருந்த கலைமாறனின் இரண்டாம் மாடி அறைக்கு ஏறினாள். பச்சைத் துணி, வட்ட விளக்கு, பழைய சாப்பாட்டு மணம். அவன் பொன்னுருக்கல் காட்சிக்குப் பாட்டுப் போட்டுக்கொண்டிருந்தான்.

“இஞ்சேருங்கோ. தோர்ஷாவைப் பற்றி ஒரு வீடியோ போட்டனீங்களோ?”

அவன் திரும்பவில்லை. “ஆர் சொன்னது?”

“நான் கேட்டதுக்குப் பதில் சொல்லுங்கோ.”

“போட்டதுதான். அப்ப அவள் எங்களுக்கு ஆரோ ஒருத்தி.”

“பாயசத்திலை நஞ்சு வைச்சவள் எண்டு எங்கை எடுத்தனீங்கள்?”

“வங்காள இணையப் பக்கம் ஒண்டு. போனிலை போட்டுத் தமிழுக்கு மாத்தினனான்.” இப்போதுதான் கதிரையைத் திருப்பினான். முகத்தில் வெட்கம் என்று ஒன்று மருந்துக்கும் இல்லை. “அது அவள் நடிச்ச நாடகத்தின்ரை கதைச் சுருக்கமாம். எனக்கு என்னெண்டு தெரியும்? ரெண்டாம் நாள் கல்கத்தாவிலை இருந்து ஒரு தமிழன் கீழை எழுதினவன். அது கதாபாத்திரம், அவளின்ரை வாழ்க்கையில்லை எண்டு.”

“அப்ப என்ன செய்தனீங்கள்?”

“அழிச்சுப்போட்டன்.”

“வீடியோவையோ?”

“அந்த ஆள் எழுதினதை.”

சிவரஞ்சினி தட்டை மேசையில் வைத்தாள். வைக்காவிட்டால் அது அவன் தலையில் போயிருக்கும்.

“மதுஷன் அவளை வீட்டுக்குக் கூட்டிக்கொண்டு வந்த நாள் உங்களுக்குத் தெரியேல்லையோ?”

“வாசல்லையே அடையாளம் கண்டுட்டன். சொன்னால் நீர் குழறுவீர். இப்பவும் பாரும், குழறுறீர்.” அவன் குரலைத் தணித்து, ஏதோ நல்ல சேதி சொல்கிறவனாகக் கதிரையைக் கிட்ட இழுத்தான். “நான் ஒண்டு யோசிச்சு வைச்சிருக்கிறன், கேளும். தாலி கட்டி முடியட்டும். அடுத்த நாள் ஒரு வீடியோ. ‘அந்தச் சூனியக்காரி இண்டைக்கு எங்கள் வீட்டு மருமகள்.’ நாலு லட்சம் என்ன, பத்துப் போகும். அதுக்குத்தான் இதையும் பிடிச்சு வைச்சனான்.” திரையில் பொன் உருகிக்கொண்டிருந்தது.

சீ என்று வந்தது அவளுக்கு. பதினான்கு வருடம் இந்த மனிதனுக்குச் சோறு போட்டிருக்கிறாள்.

“இப்பவே அதை எடுங்கோ. இல்லாட்டில் இனி நான் ஒரு சொல்லும் வாசிக்கமாட்டன்.”

“வாசிக்காட்டில் விடும். உம்மடை ஏழு வருடக் குரலையும் கம்ப்யூட்டருக்குக் குடுத்துப் பழக்கி வைச்சிருக்கிறன். உம்மைவிட வடிவா வாசிக்குது. தும்மலும் இல்லை.”

அவன் பகிடியாகத்தான் சொன்னான். பகிடி என்று நினைத்தபடியே மறுபடி திரைப்பக்கம் திரும்பிவிட்டான்.

பொன்னுருக்கினால், தாலி கட்டும் வரைக்கும் மாப்பிள்ளையும் பெண்ணும் ஒருவர் முகத்தில் ஒருவர் முழிக்கக்கூடாது. மாப்பிள்ளையின் அக்காதான் பலகாரத் தட்டைப் பெண் வீட்டுக்குக் கொண்டுபோக வேண்டும். கலியாணத்தன்று தோழியாகப் பெண்ணுக்குக் கூறைச்சேலை உடுத்தி, தாலி கட்டும்போது பின்னால் நிற்பதும் அவள்தான். தோர்ஷாவுக்குப் பாரிசில் வீடும் இல்லை, வீட்டாரும் இல்லை. மார்க்ஸ் டோர்முவாப் பக்கம் ஆலீஸ் என்ற பிரெஞ்சுப் பெண்ணோடு பங்குக்கு எடுத்த ஓர் அறைதான்.

நடந்து போனால் பதினைந்து நிமிடம். சிவரஞ்சினி ஐந்தாவது நிமிடத்திலேயே மெட்ரோப் பாலத்தடியில் இருந்த வாங்கில் உட்கார்ந்துவிட்டாள். தட்டை மடியில் வைத்துக்கொண்டு, கலைமாறன் அனுப்பிய எழுத்துகளைப் போனில் பின்னோக்கித் தள்ளிக்கொண்டே போனாள்.

ஏழு வருடத்துக்கு முந்தியது அழகாக இருந்தது. ‘வங்கம் தந்த நடிப்புத் தாரகைகள்.’ வசனமே இல்லாமல் கண்ணால் கதை சொல்கிற பெண்கள், சிவப்புக் கரைச் சேலை, நெற்றி நிறைந்த பொட்டு, நாலு விருது. அதை வாசித்த அன்று அவள் அலுமாரியைவிட்டு வெளியே வந்து அம்மாவுக்கும் ஒருமுறை வாசித்துக் காட்டினாள். ஒரு வருடம் போக, ‘கொல்கத்தா ரசகுல்லா’ என்று ஒன்று. பிறகு ‘மும்பையை மயக்கிய வங்காளப் புயல்’. பிறகு எந்த நடிகை எந்தக் காட்சிக்கு எவ்வளவு துணி குறைத்தாள் என்ற கணக்கு. பிறகு கணவனைப் பிரித்தவள், பிறகு மாந்திரீகம், பிறகு சூனியக்காரி. கண்ணால் கதை சொன்னவர்களும் இவர்களும் ஒரே ஊரில், ஒரே வேலை செய்கிற பெண்கள்தான். கலைமாறனுக்கு ஆட்கள் பார்க்கப் பார்க்க அவர்கள் இப்படி ஆகிக்கொண்டே போனார்கள்.

அவளுக்கென்று அவன் அடைப்புக்குறிக்குள் எழுதும் குறிப்புகளும் கூடவே மாறியிருந்தன. முதல் வருடத்தில் (மெதுவாக), (மரியாதையாக). நடுவில் (கிறக்கமாக). கடைசியில் (சிரிக்கவும்). ஒவ்வொரு முறையும் எழுதியபடியே செய்திருக்கிறாள். ஒருமுறையாவது, இதென்ன கண்றாவி என்று கேட்டாளா? கேட்கவில்லை. சோறு வெந்துவிட்டதா என்ற யோசனையோடு வாசித்துவிட்டு வெளியே வந்திருக்கிறாள்.

கலைமாறனை நினைத்து வந்த அருவருப்பு திரும்பித் தன்மேலேயே ஏறியது. எழும்பி நடந்தாள். தட்டைக் கொடுப்பது, ஒன்றும் தெரியாததுபோல் திரும்பி வருவது, கலைமாறனின் காலில் விழுந்தாவது வீடியோவை எடுப்பிப்பது. தோர்ஷாவுக்குத் தமிழ் தெரியாது. இவள் வாயைத் திறக்காவிட்டால் கலியாணம் நடந்துவிடும், தம்பி வாழ்ந்துவிடுவான். இப்படித்தான் தீர்மானித்தாள்.

கதவைத் திறந்த தோர்ஷா குனிந்து அவள் காலைத் தொட்டாள். சிவரஞ்சினி இரண்டடி பின்வாங்கிவிட்டாள்.

“ஏன் தீதி? உங்கள் வழக்கத்தில் கூடாதா?”

தீதி என்றால் வங்காளத்தில் அக்கா. முதல் நாளிலிருந்தே அப்படித்தான் கூப்பிடுகிறாள். இருவருக்கும் பொதுவாக இருந்தது பிரெஞ்சுதான். தோர்ஷாவின் பிரெஞ்சு இரண்டு வருடத்துப் பிரெஞ்சு, சிறு சிறு வசனம்.

ஆலீஸ் சந்தைக்குப் போயிருந்தாள். சிவரஞ்சினி விளக்கேற்றி, தலையில் அறுகரிசி போட்டு வாழ்த்தி, பூ வைத்துவிட்டாள். தோர்ஷா தட்டிலிருந்த சீனி அரியதரத்தைக் கடித்து, இதேபோல் ஒன்று தங்கள் ஊரில் தை மாதத்தில் செய்வார்கள் என்றாள். எல்லாம் நல்லபடியாகத்தான் போய்க்கொண்டிருந்தது.

“தீதி, சூனியக்காரி என்றால் என்ன?”

அந்த ஒரு சொல்லை மட்டும் தமிழில் சொன்னாள், எழுத்துப் பிசகாமல்.

“எங்கே கேட்டீர்?”

“லா சப்பலில். மரக்கறிக் கடையில் இரண்டு பேர் என்னைப் பார்த்துச் சொன்னார்கள். பிறகு இன்னொரு நாள், இன்னொருவர். ஒரு பெண் தன் பிள்ளையை இழுத்துப் பிடித்துக்கொண்டு, பக்கத்தில் துப்பினாள். எட்டு மாதமாக நான் அந்தப் பக்கம் போவதில்லை. மீனும் வேறு இடத்தில் வாங்குகிறேன்.” அவள் போனை எடுத்தாள். “இதிலும் அந்தச் சொல் வருகிறது. படம் எல்லாம் என்னுடையது. மதுஷிடம் காட்டினேன். குப்பை, விடு என்றான். நான்கு தரம் கேட்டேன், நான்கு தரமும் குப்பை என்றான். என்ன குப்பை என்று யாராவது சொல்ல வேண்டும். நீங்கள் சொல்வீர்கள் என்று நினைத்தேன்.”

திரையில் பச்சை முகம். சிவரஞ்சினியின் குரல் அறை முழுக்க எழுந்தது. தோர்ஷா ஒரு வசனத்தோடு நிறுத்திவிட்டு அவளைப் பார்த்தாள்.

“இவர் கல்கத்தாவின் பிரபலமான நடிகை என்கிறார்கள்,” என்றாள் சிவரஞ்சினி.

அடுத்த வசனம்.

“பல நாடகங்களில் நடித்தவர் என்கிறார்கள்.”

தோர்ஷா மூன்றாவது வசனத்தைப் போடவில்லை. கண்ணாடியைக் கழற்றி மடியில் வைத்தாள்.

“தீதி, நான் பதினைந்து வருடம் குரல் கேட்டு வாழ்ந்தவள். அவள் இவ்வளவு நேரம் பேசினாள், நீங்கள் நான்கு சொல் தருகிறீர்கள். அவள் யாரையோ காறித் துப்புகிறாள். நீங்கள் எனக்கு வணக்கம் சொல்கிறீர்கள்.”

சிவரஞ்சினி விளக்குத் திரியைத் தூண்டிவிட்டாள்.

“எனக்குப் பத்தொன்பது வயதில் முதல் படம். தலையைக் குனிந்து நில் என்றார்கள், நின்றேன். பத்திரிகையில் என் கண்ணைப் புகழ்ந்து எழுதினார்கள். பிறகு தொலைக்காட்சி நாடகத்தில் அறுநூறு நாள் நல்ல மருமகள். கோயிலில் பெண்கள் என்னைத் தொட்டுக் கும்பிட்டார்கள். பிறகு ஆட்கள் பார்ப்பது குறைந்தது. ஒரு திங்கட்கிழமை போனேன், முடியை விரித்துப் போடு, இன்றிலிருந்து நீ விஷம் வைக்கிறவள் என்றார்கள். அதே அறை, அதே கண்மை. என்னைக் கேட்கவில்லை. அங்கே அப்படி. இங்கே நான் யாருக்கு என்ன செய்தேன்? சொல்லுங்கள். முழுதாகச் சொல்லுங்கள்.”

சிவரஞ்சினி சொன்னாள்.

ஒவ்வொரு வசனமாக. பாயசம், விஷம், தெருவில் விடப்பட்ட தாய், சுடுகாட்டு மீன். பள்ளிக்கூடத்தில் பிள்ளைகளோடு சிரித்துப் பேசுகிற அதே பிரெஞ்சில் இத்தனை அழுக்கையும் எடுத்து வைத்தாள். தாயைப் பற்றிய இடத்தில் தோர்ஷா கையை உயர்த்தி நிறுத்தச் சொன்னாள்.

“என் அம்மா போன கார்த்திகையில் இறந்தார். கடைசி நான்கு மாதம் நான் கல்கத்தாவில் ஆஸ்பத்திரித் தரையில் படுத்தேன்.” எழுந்து போய்த் தண்ணீர் குடித்துவிட்டு வந்து உட்கார்ந்தாள். “ம். அடுத்தது.”

அடுத்தது அந்தச் சிரிப்பு. நீளமான, கீழ்க்குரல் சிரிப்பு. அது முடியும்வரை இருவரும் கேட்டுக்கொண்டிருந்தார்கள்.

“இதற்கு ஏன் சிரிக்கிறாள்? இதில் சிரிக்க என்ன இருக்கிறது?”

“அப்படித்தான் எழுதியிருந்தது. அடைப்புக்குறிக்குள், சிரிக்கவும் என்று.”

சொல்லி முடித்த பிறகுதான் தான் சொன்னது என்ன என்று அவளுக்கே தெரிந்தது. அள்ளி எடுக்க வழியில்லை.

 தோர்ஷா கண்ணாடியைத் துடைத்து மறுபடி போட்டுக்கொண்டாள். அவளுடைய பார்வை சிவரஞ்சினியின் முகத்தில் ஒவ்வொரு இடமாகப் போய், வாயில் வந்து நின்றது.

“நீங்கள்தானா?”

“ஓம்,” என்றாள் சிவரஞ்சினி, தமிழிலேயே. பிறகு பிரெஞ்சில், “நான்தான். அப்போது அது நீர் என்று தெரியாது. பெயர் எழுதியிருக்கவில்லை. இன்றைக்குக் காலையில்தான் பார்த்தேன். சத்தியமாக.”

“நான் இல்லாமல் வேறு ஒருத்தி என்றால்?”

சிவரஞ்சினி பச்சை முகம் தெரிந்த போனைக் கவிழ்த்து வைத்தாள்.

“வாசியுங்கள்.”

“என்ன?”

“இப்போது. என் முன்னால். தமிழில். அந்தச் சிரிப்போடு. என் பக்கத்தில் நின்று நடித்த எத்தனையோ பேர் எனக்கு எத்தனையோ சொல்லியிருக்கிறார்கள். அதெல்லாம் முகத்துக்கு முன்னால். உங்கள் முகத்தை நான் பார்க்கவில்லை. பார்க்க வேண்டும்.”

முடியாது என்று சொல்லலாம். காலில் விழலாம். சிவரஞ்சினி இரண்டும் செய்யவில்லை. கேட்கிற உரிமை தோர்ஷாவுக்கு இருந்தது. கைகளை மடியில் வைத்துக்கொண்டு தொடங்கினாள். “வங்காளத்து மண்ணில் பிறந்த இந்தச் சூனியக்காரி...” முதல் மூன்று சொல்லில் நடுங்கிய குரல் நான்காவது சொல்லில் தானாகவே நேராகிவிட்டது. இழுக்க வேண்டிய இடத்தில் இழுத்தது, நிறுத்த வேண்டிய இடத்தில் நின்றது. சிரிக்க வேண்டிய இடம் வந்தது. வராது, செத்தாலும் வராது என்றுதான் நினைத்தாள். வந்தது. ஒரு பிசகில்லாமல், ஏழு வருடப் பழக்கத்தில், கண்ணில் தண்ணீர் ஓட ஓட அந்தச் சிரிப்பு அப்படியே வந்தது.

வாயைப் பொத்திக்கொண்டாள். தன் வாயைத் தொடவே அவளுக்கு அருவருப்பாக இருந்தது.

“நல்ல பயிற்சி,” என்றாள் தோர்ஷா. கேலியும் இல்லை, கோபமும் இல்லை. அதுதான் கொடுமை. “இது உங்கள் குரல் என்று மதுஷுக்குத் தெரியுமா?”

“தெரியாது. நீர் காட்டியபோதும் படத்தைப் பார்த்ததோடு தள்ளியிருப்பான், குரலைக் கேட்டிருக்கமாட்டான். அவனுக்கு ஒன்றும் தெரியாது. அவன்மேல் கோபிக்காதையும்.”

“அவன்மேல் எனக்குக் கோபம் இல்லை. அவன் நல்லவன். அவனுக்காகத்தான் உங்கள் அம்மாவின் பேச்சை எல்லாம் பொறுத்தேன்.” சிவரஞ்சினியின் போனை எடுத்து அவள் கையில் வைத்தாள். “அவனிடம் நீங்கள் சொல்லுங்கள். என் வாயால் நான் சொல்லமாட்டேன். இப்போதே. பிரெஞ்சில். எனக்கும் கேட்க வேண்டும்.”

தீதி என்ற சொல் எப்போதோ நின்றுபோயிருந்தது.

சிவரஞ்சினி அழைத்து, சத்தம் வெளியே கேட்கும்படி போனை மேசையில் வைத்தாள். இரண்டாவது மணியிலேயே எடுத்தான். பின்னால் கடைத்தெருச் சத்தம், அம்மா யாரோடோ வாழைப்பழத்துக்குப் பேரம் பேசும் சத்தம்.

“அலோ, அக்கா? பலகாரம் பிடிச்சுதாமோ?”

“மதுஷன், ஒரு விஷயம். கேட்டுக்கொண்டிரு, இடையில் பேசாதே.” அவள் பிரெஞ்சில்தான் சொன்னாள். “தோர்ஷாவைப் பற்றி அத்தானின் சனலில் ஒரு வீடியோ இருக்கிறது. மிகக் கேவலமான வீடியோ. அதில் பேசுகிறது நான்.”

 அவன் நடந்து ஒதுக்குப்புறமாகப் போவது தெரிந்தது. பிறகு குரலைத் தாழ்த்தி, வழக்கம்போல் பிரெஞ்சிலேயே சொன்னான்.

“தெரியும், அக்கா. உன் குரல் எனக்குத் தெரியாதா? அவள் முதல் நாள் போட்டுக் காட்டும்போதே தெரியும். எட்டு மாதமாக எப்படியோ சமாளித்து வைத்திருக்கிறேன். தயவுசெய்து நீ போய் அவளிடம் உளறிவிடாதே. தாலி ஏறிவிட்டால் எல்லாம் மறந்துபோகும்.”

சிவரஞ்சினி போனை அணைக்கக் கை நீட்டினாள். தோர்ஷா அந்தக் கையைப் பிடித்து மேசையிலிருந்து அகற்றிவிட்டு, போனுக்குக் கிட்டக் குனிந்தாள்.

“மதுஷ்,” என்றாள்.